ஜப்பான் கேபரே கிளப்பில் சிரித்துப் பேசினால் மட்டும் போதுமா?

"பக்கத்தில் உட்கார்ந்து பேசினால் போதும், கைநிறையச் சம்பளம் என்கிறார்களே, உண்மையா?" என்று கேட்டிருக்கிறீர்கள். டோக்கியோவில் இந்தக் கிளப்புகள் நிறைந்த கபுகிச்சோ பகுதியில் ஓர் இந்திய உணவகத்தில் நாலு வருஷம் வேலை பார்த்தேன், அந்தக் கிளப்புகளில் வேலை பார்க்கும் பெண்கள் பலர் அங்கேதான் சாப்பிட வருவார்கள். பார்த்தவரை சொல்கிறேன், போதாது.

இந்தக் கடைகளுக்குக் கியாபாகுரா என்று பெயர். பெயரில்தான் கேபரே, பெரும்பாலும் மேடை ஆட்டமெல்லாம் கிடையாது; மது ஊற்றிக் கொடுத்துப் பேசுவதுதான் தொழில். ஆனால் கடை திறப்பதற்கு முன்பே வேலை தொடங்கிவிடும். காசு கொடுத்து முடி அலங்காரம் செய்துகொண்டு, மாலை ஏழு மணிக்கு வாடிக்கையாளரோடு எங்களிடம் சாப்பிட்டுவிட்டு, அவரைக் கையோடு கிளப்புக்கு அழைத்துப் போவார்கள். இதற்கு டோஹான் என்று பெயர், மாதத்துக்கு இத்தனை என்று கணக்குக் கேட்கும் கடைகள் உண்டு.

ஒரு பெண் ராத்திரி ஒன்றரை மணிக்குத் தனியாக வருவார். செருப்பை மேசைக்கு அடியில் கழற்றிவிட்டு, ஒரு கையால் நான் ரொட்டியைப் பிய்த்து பருப்பில் தோய்த்துக்கொண்டே, மறு கையால் அன்று வந்தவர்களுக்கெல்லாம் லைன் என்ற செயலியில் நன்றி அனுப்பிக்கொண்டிருப்பார். ஒருநாள் தன் குறிப்பேட்டைக் காட்டினார். ஆளுக்கு ஒரு பக்கம், பிறந்தநாள், குடிக்கும் மது, ஒருவருடைய நாய்க்குக் காலில் நடந்த ஆபரேஷன் வரை. மறந்துவிட்டால் அந்த வாடிக்கையாளர் அடுத்த முறை வேறு பெண்ணைக் கேட்பார். பெயர் சொல்லிக் கேட்பதுதான் ஷிமேய், சம்பளம் ஏறுவதும் இறங்குவதும் அதை வைத்துத்தான்.

அப்புறம் பிடித்தம். தாமதமாக வந்தால் அபராதம், லீவு போட்டால் அபராதம். ஜப்பான் தொழிலாளர் சட்டப்படி ஒரு தவறுக்கு அரைநாள் சராசரிக் கூலிக்கு மேல் பிடிக்கக் கூடாது. "நீ ஊழியர் இல்லை, ஒப்பந்தக்காரி" என்று சொல்லித்தான் பல முதலாளிகள் இதைத் தாண்டுகிறார்கள். இது அநியாயம். 2009 டிசம்பரில் இவர்களுக்கென்றே கியாபாகுரா யூனியன் உருவானதற்குச் சம்பளப் பாக்கியும் இந்த அபராதங்களும்தான் காரணம். 2020-இல் கொரோனாவால் பள்ளிகளை மூடியபோது, பிள்ளைகளுக்காக வேலைக்குப் போகமுடியாத பெற்றோருக்கு அரசு அறிவித்த உதவித்தொகையில் முதலில் இவர்களைச் சேர்க்கவில்லை, எதிர்ப்பு வந்த பிறகுதான் சேர்த்தார்கள்.

அந்தக் குறிப்பேட்டுப் பெண் கடையை விட்டபோது கடைசி மாதச் சம்பளத்தைத் தரமாட்டோம் என்றார்கள். தினமும் டைம் கார்டைப் போனில் படம் எடுத்து வைத்திருந்தார். அதைக் காட்டியபிறகு பாதி கிடைத்தது, மீதிக்கு நான் அங்கிருந்து கிளம்பும்வரை அலைந்துகொண்டிருந்தார்.