பாட்டுக்காகவே டிவி பண்ணின ஜாக் குட்

கேள்வி: பாட்டு ஷோல மேடையைச் சுத்தி ஆடியன்ஸ் நின்னு ஆடுறாங்களே, டிவில இதெல்லாம் யாரு ஆரம்பிச்சது? (வாசகி, தஞ்சாவூர்)

பதில்: இவர்தான் முதல் ஆள்னு அடிச்சு சொல்ல முடியாதுங்க, ஆனா ராக் அண்ட் ரோல்னா எனக்கு ஜாக் குட் ஞாபகம்தான் வரும். 1931ல பொறந்த இங்கிலாந்துக்காரர், ஆக்ஸ்ஃபோர்டுல படிச்சவர், நாடகப் பைத்தியம். அப்போல்லாம் பிரிட்டன்ல சாயங்காலம் 6லேர்ந்து 7 வரைக்கும் டிவியே ஓடாது, குழந்தைங்கள தூங்க வைக்கணும்னு. 1957 பிப்ரவரில அந்த வழக்கத்த எடுத்தாங்க, உடனே அந்த காலி நேரத்துக்கு பிபிசி சனிக்கிழமை 'சிக்ஸ்-ஃபைவ் ஸ்பெஷல்'னு ஒண்ணு ஆரம்பிச்சது, அதோட தயாரிப்பாளர்கள்ல ஒருத்தர் இவர். மேல இருக்கவங்களுக்கு பாட்டு, பேட்டி, விளையாட்டுன்னு எல்லாம் கலந்து வேணும். இவருக்கு பாட்டு மட்டும் போதும். அவங்க கேட்ட செட்டையெல்லாம் போட்டு வச்சுட்டு, லைவ் ஆரம்பிக்கப் போற நேரத்துல ஓரமா தள்ளிட்டு பசங்கள தரை முழுக்க ஆட விட்டுட்டாருன்னு சொல்வாங்க. பாட்டு கேக்குறவன் முகத்தையும் காட்டணும்னு அவருக்குப் புரிஞ்சிருக்கு பாருங்க, அதுதான் பெரிய விஷயம்.

கேள்வி: அப்புறம் பிபிசியிலயே இருந்தாரா? (வாசகர், ஈரோடு)

பதில்: இல்ல, ஒத்துவரல. 1958ல போட்டி சேனல் ஐடிவிக்கு 'ஓ பாய்!' பண்ணாரு, லண்டன் ஹாக்னி எம்பயர் தியேட்டர்லேர்ந்து லைவ். பேச்சே கம்மி, அரை மணி நேரத்துக்குள்ள ஒரு டஜனுக்கு மேல பாட்டு, ஒண்ணு முடியுறதுக்குள்ள அடுத்தவர் வந்து நிப்பாரு. பாடகர் க்ளிஃப் ரிச்சர்ட் (நம்ம லக்னோல பொறந்தவர்தான்) அங்க வந்தப்போ 17 வயசு. ஜாக் குட் அவர்கிட்ட கிருதாவ எடுன்னாரு, கிட்டார கீழ வைன்னாரு, ரெக்கார்டோட பின்பக்கம் கிடந்த 'மூவ் இட்' பாட்டத்தான் பாடணும்னு பிடிவாதமா நின்னாரு. அந்தப் பாட்டுதான் ஹிட் ஆச்சு, தயாரிப்பாளருக்கு காது இருந்தா என்ன நடக்கும்ங்கிறதுக்கு இத விட வேற என்ன வேணும்? அதே சனிக்கிழமை அதே நேரத்துல ஓடின பிபிசி நிகழ்ச்சிய அந்த வருஷக் கடைசியிலயே நிறுத்திட்டாங்க.

கேள்வி: அமெரிக்காவுலயும் ஷோ பண்ணாராமே? (வாசகர், நாகர்கோவில்)

பதில்: ஆமா, 1964ல அங்க ஏபிசி சேனல்ல 'ஷிண்டிக்!'. வெள்ளைக்காரங்களும் கறுப்பினத்தவரும் ஒரே மேடையில பாடினாங்க, அந்தக் காலத்து அமெரிக்க டிவில அது சாதாரணமில்ல. எனக்கு ரொம்பப் பிடிச்சது 1965 மே மாசம் வந்த ஒரு எபிசோடு. பிரிட்டன் ராக் குழு ரோலிங் ஸ்டோன்ஸ் வந்திருந்தாங்க, பசங்க மத்தியில அப்படி ஒரு மவுசு அவங்களுக்கு, ஆனா அவங்க யாரோட ப்ளூஸ் (அமெரிக்கக் கறுப்பினத்தவரோட இசை) கேட்டு வளந்தாங்களோ அந்தப் பாடகர் ஹவுலின் உல்ஃபையும் மேடையேத்தினாங்க. அம்பத்தஞ்சு வயசை நெருங்கிட்ட அந்த ஆஜானுபாகுவான மனுஷன் நின்னு பாடுறாரு, ஸ்டோன்ஸ் பசங்க அவரு பக்கத்துல கீழ உக்காந்து அண்ணாந்து பாத்துக்கிட்டே இருக்காங்க.