கடன் வாங்கி மருத்துவமா, கட்டணமில்லாமல் நடிப்பா?

விரோத்ஸ்வாஃப் நகரில் மென்பொருள் வேலையில் இருக்கும் நீங்களும் உங்கள் துணைவியாரும் சென்ற வாரம் ஆலோசனை கேட்டு என்னைப் பார்க்க வந்தபோது, போலந்துப் பள்ளியிலேயே படித்து வளர்ந்த மகன் நடிப்புப் படிக்கப் போவதாகச் சொல்கிறான், ஊரில் பெரியப்பா முதல் சித்தி வரை எல்லோரும் மருத்துவம்தான் என்கிறார்கள் என்று கலங்கினீர்கள். முதல் பத்து நிமிடம் நான் ஆறுதல் சொன்னது தவறு. உயிரியல் புத்தகத்தைத் தொடவே விரும்பாத பையனை, ஆறு ஆண்டு ஆங்கிலவழி மருத்துவப் படிப்பில், அதுவும் ஊர் நிலத்தை அடகு வைத்துச் சேர்ப்பதற்கு நான் உடன்பட மாட்டேன்.

"கதாநாயகன் முகமா இவனுக்கு?" என்று கேட்டீர்கள். அந்த முகம் தேவைப்படாத குணச்சித்திர நடிகரின் வாழ்க்கை ஒன்றைச் சொல்கிறேன். ஃபிரான்சிஷெக் பியெச்கா 1928-இல் தெற்குப் போலந்தின் சுரங்கப் பகுதியான சைலீசியாவின் கோடூஃப் கிராமத்தில் சுரங்கத் தொழிலாளியின் மகனாகப் பிறந்தார். போருக்குப் பின் தாமும் சுரங்கத்தில் வேலை பார்த்தார். கிளிவிட்சே தொழில்நுட்பக் கல்லூரியில் சேர்ந்து, சில நாளிலேயே அதை விட்டு, வார்சா நாடகக் கல்லூரிக்குப் போய் 1954-இல் பட்டம் பெற்றார். (பொறியியலை விட்டவரை அன்றும் யாரேனும் ஏசியிருப்பார்கள்.)

அவர் உடனே திரைக்குத் தாவிவிடவில்லை. கிராக்கூவை அடுத்த எஃகு நகரமான நோவா ஹூத்தாவின் நாடக அரங்கில் பல ஆண்டுகள் குழு உறுப்பினராக இருந்தார். அங்கே கிடைத்த மாதச் சம்பளம் சோறு போட்டது, திரைப்படம் மேலே சேர்ந்தது. 1966-இல் தொடங்கிய, நான்கு டாங்கி வீரர்களையும் ஒரு நாயையும் பற்றிய தொலைக்காட்சித் தொடரில், சைலீசிய வட்டார வழக்கில் பேசும் பலசாலி குஸ்த்லிக்காக வந்தபோது அவருக்கு வயது நாற்பதை நெருங்கியிருந்தது. உச்சரிப்பைக் கறையாக எண்ணித் தேய்த்து அழிக்காமல், அதையே பாத்திரத்தின் உயிராக்கினார். 1976-இல் போலந்து இயக்குநர் கீஷ்லோவ்ஸ்கியின் "பிலிஸ்னா" (தழும்பு) படத்தில் ஆலை கட்ட அனுப்பப்பட்டு மனச்சாட்சியோடு மல்லாடும் ஆலை நிர்வாகியாக நடித்தார். வார்சாவின் போவ்ஷெக்னி அரங்கில் "ஒன் ஃப்ளூ ஓவர் த குக்கூஸ் நெஸ்ட்" நாடகத்தில் பேசாத செவ்விந்தியராக மேடையேறினார். 2022-இல் மறையும்வரை அவர் பெயர் போலந்தில் வீட்டுக்கு வீடு தெரிந்த பெயராக இருந்தது.

மாதச் சம்பளத்தோடு நிரந்தரக் குழு வைத்திருக்கும் அரசு, நகராட்சி நாடக அரங்குகள் போலந்தில் இன்றும் உள்ளன. கிராக்கூவ் நாடகக் கலைக் கல்லூரியின் கிளை உங்கள் நகரிலேயே இருக்கிறது. அங்கே நடிப்புத் துறையோடு பொம்மலாட்டத் துறையும் உண்டு. பொம்மலாட்ட அரங்குகளுக்குத் தனி நடிகர்கள் வேண்டும் என்பதை உறவினர்கள் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். நுழைவுத் தேர்வில் கவிதை, உரைநடை, பாட்டு எல்லாம் பார்ப்பார்கள். மிகச் சிலரையே எடுப்பார்கள், அதனால் முதல் முறை தவறினால் மறுமுறை எழுத மனம் வேண்டும். நிரந்தர வதிவுரிமை பெற்றவர் என்பதால் போலிஷ்வழி முழுநேரப் படிப்புக்கு உங்கள் மகன் கல்விக் கட்டணம் செலுத்த வேண்டியதில்லை. கல்லூரியிடம் எழுத்தில் உறுதி செய்துகொள்ளுங்கள்.

அடுத்த சந்திப்புக்கு மகனைத் தனியாக அனுப்புங்கள். மனப்பாடம் செய்த உரைநடைப் பகுதி ஒன்றோடு அவன் வரட்டும். அதைக் கேட்ட பிறகுதான் பெரியப்பாவுக்கு என்ன பதில் சொல்வது என்று நாம் பேசலாம். அதுவரை நிலப் பத்திரம் அலமாரியிலேயே இருக்கட்டும்.