செத்த தோலைத் தேய்த்து எடுக்கலாமா?

கேள்வி: காங்கேயம் பக்கம் ஒரு கொப்பரைக் களத்தில் வேலை செய்கிறேனுங்க. வயது 46. நாள் முழுக்கச் சிமெண்ட் களத்தில் வெறுங்காலோடுதான் நடக்க வேண்டும். மார்கழி பிறந்தால் குதிகால் இரண்டும் வெடித்துவிடும். பதினொன்றாம் வகுப்பில் உயிரியல் படிக்கும் என் மகள், "மேல இருக்கறது எல்லாம் செத்த செல்லும்மா, தேய்ச்சு எடுத்துட்டா புதுசா வந்துரும்" என்றாள். துணி சோப்பைப் போட்டுக் கருங்கல்லில் நன்றாகத் தேய்த்தேன். இரண்டு நாள் வழவழப்பாக இருந்தது. அப்புறம் முன்னைவிட மோசம், ராத்திரி எரிச்சலில் தூக்கம் இல்லை. செத்த தோல்தானே, அது ஏனுங்க எரிய வேண்டும்? தேங்காய் எண்ணெய் போட்டால் போதும் என்கிறார் என் மாமியார். களத்தில் இருக்கிற எனக்கு எண்ணெய்க்குப் பஞ்சமில்லை, ஆனால் தடவியும் கேட்கவில்லை. என் அம்மாவுக்கும் இப்படித்தான் இருந்தது. இது பரம்பரையா?

பதில்: உங்கள் மகள் சொன்னதில் பாதி சரி. மேலே இருப்பவை செத்த செல்கள்தான். அதனால் தேய்த்து எடுத்துவிடலாம் என்ற மீதிப் பாதிதான் உங்களைப் படுத்துகிறது. அந்தச் செத்த அடுக்கைச் செய்வதற்காகத்தான் கீழே இருக்கும் உயிருள்ள தோல் இரவு பகலாக உழைக்கிறது. அது கழிவு இல்லைங்க, சரக்கே அதுதான்.

மேல்தோலின் அடிவரிசையில் கெராட்டினோசைட் என்ற செல்கள் ஓயாமல் பிரிந்து பெருகுகின்றன. புதிதாக வந்தவற்றில் சில அங்கேயே தங்கும், மற்றவை மேலே நகரத் தொடங்கும். ஏறுகிற வழியில் ஒவ்வொரு செல்லும் கெராட்டின் என்ற புரத இழைகளால் தன்னை நிரப்பிக்கொள்கிறது. முடியும் நகமும் இதே கெராட்டினால் ஆனவைதான். பக்கத்துச் செல்களோடு புரத முடிச்சுகள் போட்டு இறுகப் பிணைந்துகொள்ளவும் செய்கிறது.

உச்சிக்குக் கொஞ்சம் கீழே இருப்பது குருணை அடுக்கு. விஷயமே இங்கேதான். இந்த அடுக்குக்கு வரும்போது செல்லிடம் இரண்டு இருப்புகள் சேர்ந்திருக்கும். ஒன்று, ஃபிலாக்ரின் என்ற புரதத்தின் மூலப்பொருள் அடைந்த குருணைகள். இன்னொன்று, கொழுப்பு நிறைந்த மிகச் சிறிய பைகள். இந்த உயரத்தில் சுற்றிலும் கால்சியத்தின் அளவு கூடுதலாக இருக்கும். அந்தச் சூழலில் செல் ஒழுங்கு முறையாகத் தன்னையே அழித்துக்கொள்ளத் தொடங்குகிறது. ஃபிலாக்ரின் வெளிப்பட்டு, கெராட்டின் இழைகளைக் கட்டுக்கட்டாகச் சேர்க்கிறது. செல் தட்டையாகிறது. சவ்வுக்கு உட்புறமாக லோரிக்ரின், இன்வோலுக்ரின் போன்ற புரதங்களை ஒரு நொதி ஒன்றோடொன்று பிணைத்துக் கெட்டியான உறை ஆக்குகிறது. கொழுப்புப் பைகள் தங்கள் சரக்கை வெளியே கொட்டுகின்றன. செராமைடு, கொலஸ்ட்ரால், கொழுப்பு அமிலங்கள் ஆகிய மூன்றும் செல்களுக்கு நடுவே தகடு தகடாகப் படிகின்றன. கடைசியில் உட்கரு உட்பட உள்ளே இருந்ததெல்லாம் கரைந்துபோய், கெராட்டின் கட்டும் உறையும் மட்டும் மிஞ்சும். இப்படி முடிந்த செல் ஒரு மைக்ரோமீட்டர்கூடக் கனமிருக்காது.

செங்கல்லும் சாந்தும் வைத்துக் கட்டிய சுவர் என்று தோல் ஆய்வாளர்கள் இதைச் சொல்வது வழக்கம். செத்த செல் செங்கல், கொழுப்புதான் சாந்து. முன்னங்கையில் பதினைந்து இருபது வரிசை இருந்தாலும், மொத்தக் கனம் ஒரு தலைமுடி அளவுக்குக்கூட வராது. உடம்பின் தண்ணீர் காற்றில் போகாமலும், வெளியே இருக்கும் கிருமியும் வேதிப்பொருளும் சுலபமாக உள்ளே நுழையாமலும் தடுப்பது முக்கியமாக இந்த மெல்லிய சுவர்தான். உள்ளங்காலில் இது பல மடங்கு தடிமன். அழுத்தமும் உரசலும் கூடக் கூட இன்னும் தடிக்கும். வெறுங்காலோடு சிமெண்ட்டில் நடக்கும் உங்களுக்குத் தோல் தடித்திருப்பது நோய் இல்லை, கால் தன்னைக் காத்துக்கொள்கிற வழி.

சரி, செத்ததுதானே, ஏன் எரிகிறது? செத்த அடுக்கில் நரம்பு கிடையாது. நீங்கள் கல்லில் தேய்த்தபோது வலி தெரியாததற்கும் அதுதான் காரணம். ஆனால் காய்ந்து விறைத்த தடித்தோல் வளையாது. எடை ஊன்றும்போது குதிகாலின் கொழுப்புத் திண்டு பக்கவாட்டில் பிதுங்கும், விறைத்த தோல் கூடவே விரிய முடியாமல் பிளந்துவிடும். பிளவு உயிருள்ள அடுக்கைத் தொட்டால் அங்கே நரம்பு நுனிகள் இருக்கின்றன, அதனால் எரிகிறது. இன்னும் ஆழமாகப் போனால் ரத்தமும் கசியும்.

துணி சோப்பு செய்த கெடுதல் இன்னும் பெரியது. தோலின் மேற்பரப்பு லேசான அமிலத்தன்மை உள்ளது, அதன் பிஎச் சுமார் 5 (பிஎச் என்பது அமில, கார அளவு; 7க்குக் கீழே அமிலம், மேலே காரம்). சோப்புக் கட்டியோ காரம், 9, 10 வரை போகும். சாந்தைச் சீராக்கும் நொதிகள் வேலை செய்ய அமிலத்தன்மை வேண்டும். செல்களுக்கு நடுவே உள்ள முடிச்சுகளை வெட்டி, பழைய செல்லை உதிர்க்கும் நொதிகளுக்கோ காரம் பட்டால் வேகம் கூடும். ஆக, ஒரே சோப்பு கட்டுவதை மெதுவாக்கி உடைப்பதை வேகமாக்குகிறது. இருக்கிற கொழுப்பையும் கழுவிக்கொண்டு போகிறது. இளவயதினருக்கே இப்படிப் போன கொழுப்பு திரும்பச் சேர ஏறத்தாழ 3 நாள் ஆகும், வயது கூடினால் இன்னும் தாமதம். தினமும் தேய்த்தால் எப்போதுதான் சேரும்?

இனி உங்கள் மாமியார் விஷயம். 1952இல் இர்வின் பிளாங்க் என்ற அமெரிக்க ஆய்வாளர், காய்ந்து விறைத்த தடித்தோல் துண்டுகளை வைத்துச் சோதித்தார். எண்ணெயில் போட்டாலும் அவை இளகவில்லை. தண்ணீர் ஏறியதும் வளைந்து கொடுத்தன. உங்கள் குதிகாலில் நடப்பதும் அதுவே. உடம்பின் பெரும்பாலான இடங்களில் எண்ணெய்ச் சுரப்பிகள் உண்டு, உள்ளங்காலில் ஒன்றுகூட இல்லை. மழை குறைந்த காங்கேயம் பக்கத்தில் மார்கழி, தை மாதத்து வறண்ட காற்று இருக்கிற ஈரத்தையும் உறிஞ்சிவிடும். அந்த வறண்ட தோலின்மேல் எண்ணெய் தடவினால் பளபளப்பு வரும், மிருது வராது. தண்ணீர் ஏறிய பிறகு தடவினால் அதே எண்ணெய் ஈரத்தை உள்ளேயே நிறுத்தும். மாமியார் சொன்ன பொருள் சரி, வரிசைதான் மாற வேண்டும். இதை நீங்கள் அவரிடம் எப்படிச் சொல்வீர்களோ, அது உங்கள் பாடு!

ராத்திரி படுக்கும் முன் வெதுவெதுப்பான வெறும் தண்ணீரில் கால்களை 10, 15 நிமிடம் வையுங்கள். அதற்கு மேல் வேண்டாம். ஃபிலாக்ரின் கடைசியில் சிதைந்து அமினோ அமிலங்களாகி, செத்த செல்லுக்குள் இருந்து ஈரத்தைப் பிடித்துவைக்கும். அதிக நேரம் ஊறினால் அவையும் கரைந்து போய்விடும். ஊறிய பிறகு மெல்லிய துணியால் ஒற்றி, ஈரம் முழுதாகக் காய்வதற்குள் வாசலினோ உங்கள் தேங்காய் எண்ணெயோ தடவிப் பருத்திக் காலுறை போட்டுக்கொள்ளுங்கள். பிளவில் வாசலின் கெட்டியாக நிற்கும், அதனால் பிளவு மூடும்வரை என் ஓட்டு வாசலினுக்கு. மூடிய பிறகு, மருந்துக்கடையில் கிடைக்கும் 10 முதல் 20 சதவீத யூரியா கிரீம் நல்லது. அது தடித்த தோலை இளக்கி ஈரத்தைப் பிடிக்கும், ஆனால் திறந்த பிளவில் பட்டால் எரியும். வயலுக்குப் போடும் யூரியாவும் வேதியியல்படி இதே பொருள்தான், அதற்காக மூட்டையில் இருந்து எடுத்துக் கரைத்துத் தடவிவிடாதீர்கள்.

கல் வேண்டவே வேண்டாம் என்று சொல்லவில்லை. பிளவுகள் மூடிய பிறகு, வாரத்துக்கு ஒரு முறை, ஊறிய காலில் விளிம்பு மட்டும் மெதுவாகத் தேய்க்கலாம். பிளேடு கூடாது. களத்துக்கு மட்டும் குதிகால் மூடிய செருப்பு ஒன்றைக் கழுவித் தனியாக வைத்துக்கொள்ள முடியுமா என்று முதலாளியிடம் கேட்டுப் பாருங்கள். நாலு நாளில் பலன் இல்லை என்று விட்டுவிடாதீர்கள். அடிவரிசையில் பிறந்த செல் மேலே வர ஏறத்தாழ இரண்டு வாரம், மேலே இருந்து உதிர இன்னும் இரண்டு வாரம் என்று சொல்வார்கள், தடித்த உள்ளங்காலில் அதற்கும் கூடுதல். அதனால் ஒன்றரை மாதமாவது விடாமல் செய்ய வேண்டும்.

பரம்பரையா என்றால், இருக்கலாம். ஃபிலாக்ரின் மரபணுவில் உள்ள பழுது, மீன் செதில் போன்ற வறண்ட தோலுக்கும் கரப்பானுக்கும் காரணமாகிறது என்று 2006இல் தெரியவந்தது. கெண்டைக்காலின் முன்புறம் செதில் போல இருக்கிறதா, உள்ளங்கை ரேகைகள் வழக்கத்தைவிட அதிகமாகவும் ஆழமாகவும் இருக்கின்றனவா என்று பாருங்கள். இரண்டும் இல்லை என்றால், உங்கள் அம்மாவும் வெறுங்காலோடு உழைத்தவர் என்பதே போதுமான காரணம்.

மகளிடம் சொல்ல ஒன்று. தினமும் செல்கள் உதிர்ந்தும் தோலில் ஓட்டை விழாமல் இருப்பது எப்படி? எலியின் காதுத் தோலில் பார்த்து 2016இல் வெளியிட்ட ஆய்வின்படி, குருணை அடுக்கின் செல்கள் 14 முகம் கொண்ட வடிவத்தைத் தட்டையாக்கியது போல ஒன்றோடொன்று பொருந்தியிருக்கின்றன. இடைவெளி விடாமல் இடத்தை நிரப்பும் அந்த வடிவத்தை 1887இலேயே கெல்வின் பிரபு கணக்குப் போட்டுச் சொல்லியிருந்தார். பழைய செல் விலகும் முன்பே கீழே உள்ள செல் புது இணைப்பைப் போட்டுவிடுகிறது. பாடத்தில் இருக்காது, ஆசிரியரிடம் கேட்டால் மகிழ்வார்.

ஒரு காலில் மட்டும் மாவு போல உதிர்ந்து விரலிடுக்கில் அரிப்பும் இருந்தால் பூஞ்சையாக இருக்கலாம். முழங்கை, முழங்கால், தலையிலும் வெள்ளைச் செதிலோடு சிவந்த திட்டுகள் தெரிந்தால் சோரியாசிஸா என்று பார்க்க வேண்டும். அதில் செல்கள் சில நாட்களிலேயே அவசரமாக மேலே வந்துவிடுவதால், உட்கருகூடக் கரையாமல் சுவர் அரைகுறையாக நிற்கும். இந்த இரண்டுக்கும் வாசலின் போதாது, தோல் மருத்துவர்தான் மருந்து எழுத வேண்டும். திருப்பூர் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் காட்டலாம். பிளவில் சீழ், வீக்கம், சூடு எது தெரிந்தாலும் காத்திருக்க வேண்டாம். இதுவரை சர்க்கரை பார்க்கவில்லை என்றால் இந்த வாரமே பாருங்கள். சர்க்கரை நோயில் கால் மரத்துப்போவது உண்டு, அப்போது பிளவு ஆழமாகப் போனாலும் எரியாது.