அண்ணன் மகள் கல்யாணத்துக்கு இரண்டு லட்சம் கொடுக்கலாமா?

கேள்வி: நான் திருநங்கை, வயது 39. மதுரையில் இட்லிக் கடை நடத்துகிறேன். லோடுமேன் ஒருவருடன் எட்டு வருடமாக வாழ்கிறேன். என்னை வீட்டைவிட்டுத் துரத்திய அண்ணன், மகள் கல்யாணத்துக்கு அத்தை சீராக இரண்டு லட்சம் கேட்கிறார். ஆனால் மண்டபத்துக்கு நான் வரக்கூடாதாம். அம்மா அழுகிறார். கொடுத்தால் பிரிந்துவிடுவேன் என்கிறார் என் துணைவர். சேமிப்பு 3.4 லட்சம். என்ன செய்வது?

பதில்: இரண்டு லட்சம் கொடுக்காதீர்கள், சகோதரி. சீர் மட்டும் வேண்டும், அத்தை வேண்டாம் என்பது அநியாயம். அந்தப் பெண் மீது பாசம் இருந்தால் முப்பதாயிரம் வரை அவள் கையிலேயே கொடுங்கள். அம்மாவின் மருந்துச் செலவு வேறு விஷயம். அதை மாதாமாதம் அவருக்கே அனுப்புங்கள். தண்டல் கடன் வாங்கிக் கொடுக்கவே வேண்டாம். வீட்டு ஓனர் திடீரென்று காலி செய்யச் சொன்னால் அடுத்த அட்வான்ஸுக்கு நீங்கள் யாரிடம் போவீர்கள்? ஆறு மாதச் செலவைத் தனியாக வங்கியில் வையுங்கள்.

பிரிந்துவிடுவேன் என்று மிரட்டுவது சரியில்லை, அதை உங்கள் துணைவரிடம் சொல்லுங்கள். ஆனால் அவர் பயத்தில் நியாயம் இருக்கிறது. எட்டு வருடம் கூட இருந்தும் காகிதத்தில் அவர் உங்களுக்கு யாருமில்லை. உயில் எழுதாமல் உங்களுக்கு ஏதாவது ஆனால், சேமிப்பு பிறந்த வீட்டுக்குத்தான் போகும். நாமினியாக இவர் பெயர் இருந்தாலும் அது மட்டும் போதாது. நாமினி வங்கியிலிருந்து பணத்தை வாங்கலாம், உரிமை வாரிசுக்குத்தான். அதனால் உயில் எழுதுங்கள். வெள்ளைத்தாளே போதும், இரண்டு சாட்சிகள் முன்னால் கையெழுத்துப் போட வேண்டும். பதிவு கட்டாயமில்லை, ஆனால் உங்கள் விஷயத்தில் பதிவு செய்வதே நல்லது. இவரைச் சாட்சியாக வைக்காதீர்கள்.

இருவருக்கும் விருப்பம் என்றால் கல்யாணத்தையும் பதிவு செய்யலாம். இந்து திருமணச் சட்டப்படி திருநங்கையும் மணமகள்தான் என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2019-ல் தீர்ப்பளித்தது. ஆணை மணக்கும் திருநங்கைக்கு அந்த உரிமை உண்டு என்று 2023-ல் உச்ச நீதிமன்றமும் சொன்னது. பதிவு செய்துவிட்டால் கணவராக அவரும் சட்டப்படி வாரிசு.

அப்புறம், 436 ரூபாயில் ஜீவன் ஜோதி ஆயுள் காப்பீடு, 20 ரூபாயில் சுரக்‌ஷா விபத்துக் காப்பீடு. இரண்டும் வருடக் கட்டணம்தான், உயிரிழந்தால் நாமினிக்குத் தலா இரண்டு லட்சம் கிடைக்கும். நாமினியாக இவர் பெயரைக் கொடுக்க வங்கிக்குப் போகும்போதே இதிலும் சேர்ந்துவிடுங்கள்; இவரையும் கூட்டிப் போங்கள்.