பட்டா கைக்கு வருமுன் மனுவைத் திரும்பப் பெற வேண்டாம்

கொடைக்கானல் மேல்மலையிலுள்ள தங்கள் நிலத்துக்குப் பட்டா வழங்குமாறு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இட்ட உத்தரவு நிறைவேறாததால் தாங்கள் தொடுத்த அவமதிப்பு வழக்கை, "வாபஸ் வாங்கினால் மறுநாளே பட்டா" என்னும் அதிகாரிகளின் வாய்மொழியை நம்பித் திரும்பப் பெறலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். வேண்டாம். நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், 1971இன் 20ஆம் பிரிவு, அவமதிப்பு நிகழ்ந்ததாகக் கூறப்படும் நாளிலிருந்து ஓராண்டு கடந்தபின் நடவடிக்கை தொடங்கத் தடை விதிப்பதால், இப்போது கைவிட்டுப் பிறகு புதிதாகத் தொடுப்பது எளிதன்று. அது அந்த அதிகாரிகளுக்கும் தெரியாததல்ல. மேலும், அவமதிப்பு நீதிமன்றத்துக்கும் அவமதித்தவருக்கும் இடைப்பட்டது. மனுவை முடித்துவைப்பது நீதிபதியின் கையில் இருக்கிறது. எனவே, நாள் குறிப்பிட்ட உறுதிமொழியை அரசு வழக்கறிஞர் வழியே நீதிமன்றத்தில் பதிவு செய்வித்து, அது மீறப்பட்டால் மனுவை மீண்டும் எழுப்பும் உரிமையுடன் முடித்துவைக்குமாறு தங்கள் வழக்கறிஞரைக் கோரச் சொல்லுங்கள். பட்டா வந்ததும் புல எண், உட்பிரிவு, பரப்பு மூன்றையும் உத்தரவோடு வரிவரியாக ஒப்பிட்ட பிறகே கையொப்பமிடுங்கள்.