டிமோத்தி ஆஷ்: இனவரைவியல் ஆவணப்படம் பற்றிய கேள்வி பதில்

கே: ஒரு மக்களின் வாழ்க்கையை உடனிருந்து பதிவதுதான் இனவரைவியல் படம்; அப்படிப் படமெடுத்த அமெரிக்கர் ஆஷின் படங்களில் முதலில் எதைப் பார்க்கலாம்?

ப: ‘தி ஆக்ஸ் ஃபைட்’ (1975). அரை மணி நேரப் படம். 1971 பிப்ரவரியில் வெனிசுவேலாவில், அமேசான் காட்டுப் பழங்குடியினரான யானோமாமிகளின் ஓர் ஊரில் திடீரென்று மூண்ட சண்டை; ஆஷுடன் இருந்தவர் மானிடவியலாளர் நெப்போலியன் சாக்னான். 16 மி.மீ. கேமராவில் 400 அடிச் சுருள் போட்டால் சுமார் 11 நிமிடம்தான் ஓடும். முதல் பகுதியில் அந்தப் பதிவை வெட்டாமல் அப்படியே காட்டுகிறார்கள். சுருள் தீர்ந்ததும் திரை கறுத்துவிடும், ஒலி மட்டும் தொடரும். தகாத உறவுதான் காரணமாம் என்று படக்குழு பேசிக்கொள்வது கேட்கும். அது தப்பு என்று அடுத்த பகுதியே சொல்லிவிடுகிறது: வாழைக்காய் தர மறுத்த பெண்ணை ஊருக்கு வந்த விருந்தாளி ஒருவன் அடித்ததில் தொடங்கிய சண்டை அது. பிறகு காட்சியை மெதுவாக ஓட்டி, ஆட்களுக்கு அம்புக்குறி போட்டு, உறவுமுறைப் படமும் காட்டுகிறார்கள். கடைசியில் வருவது எடிட் செய்த பதிப்பு. அதே சண்டை அதில் மழமழவென்று கதையாகிவிடும். எடிட்டிங் எதையெல்லாம் விழுங்கும் என்று ஒரே உட்காரலில் புரியும். ஆகவே மூலப் பதிவை ஒருநாளும் அழிக்காதீர்கள்.

கே: எந்த கேமரா வாங்கலாம்?

ப: கையில் இருப்பது போதும். காசை மைக்கில் போடுங்கள். ஒலியைத் தனிக் கருவியில் 48 கிலோஹெர்ட்ஸில் பதியுங்கள். இரண்டு கருவிகளின் கடிகாரமும் ஒரே வேகத்தில் ஓடாது, நீண்ட ஷாட்டில் உதடும் குரலும் பிசகும். தொடக்கத்தில் ஒரு கைதட்டு, முடிவில் ஒன்று. எடிட்டில் இரண்டையும் பொருத்தினால் சரியாகிவிடும்.

கே: பின்னணி விளக்கமெல்லாம் பழைய பாணி இல்லையா? ராபர்ட் கார்ட்னரின் ‘ஃபாரஸ்ட் ஆஃப் பிளிஸ்’ (1986) விளக்கமோ சப்டைட்டிலோ இல்லாமலே காசியைக் காட்டிவிடுகிறதே?

ப: காட்டுகிறது, சரி. படகு, விறகு, சாமந்தி மாலை எல்லாம் எதற்கு என்று நமக்குத் தெரியும். தெரியாதவர் அழகைப் பார்த்துவிட்டுப் போவார்.

கே (அவரே): காட்சியை நம்பாதவர் எதற்குப் படம் எடுக்க வேண்டும்? கட்டுரை எழுதலாமே?

ப: கோடரியைத் தூக்கியவன் அடிபட்டவனுக்கு மச்சானா பங்காளியா என்று எந்த லென்ஸ் சொல்லும்? யானோமாமிகளிடமும் அத்தை மகள், மாமன் மகள்தான் கட்டிக்கொள்ளும் முறை. யார் யார் பக்கம் நின்றார்கள் என்பது அந்த முறையில்தான் இருக்கிறது. அதைச் சொல்லாவிட்டால் பார்ப்பவர் ‘காட்டுமிராண்டிகள்’ என்று முடிவுகட்டிவிடுவார். விளக்கம் வேண்டாமென்றால் சப்டைட்டிலாவது போடுங்கள்.

கே: மொபைலில் எடுக்கலாமா?

ப: மேலே சொல்லியாயிற்று. மைக்.

கே: எடுத்ததை அந்த மக்களிடம் காட்டத்தான் வேண்டுமா?

ப: கட்டாயம். பாலியில் ஜெரோ தாபகான் என்ற சாமியாடியைப் படமெடுத்தபின், ஆஷ், அவர் மனைவி பாட்ஸி ஆஷ், மானிடவியலாளர் லிண்டா கானர் மூவரும் 1980இல் வீடியோ கேசட்டுடன் திரும்பிப் போனார்கள். தன்னையே திரையில் பார்த்து அவர் சொன்னது ‘ஜெரோ ஆன் ஜெரோ’ என்று தனிப் படமானது. நீங்களும் நகலைப் போட்டுக் காட்டுங்கள், பேசுவதைப் பதியுங்கள். மூலப் பதிவு இன்னொரு டிஸ்க்கில் பத்திரமாக இருக்கட்டும்.

கே: இதை நம்பிப் பிழைக்க முடியுமா?

ப: படத்தை மட்டும் நம்பி, கஷ்டம். ஆஷே பல்கலைக்கழக வேலையில் இருந்தவர். 1982 முதல் தென் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகத்தில் காட்சி மானிடவியல் மையத்தை நடத்தினார். முதலில் முனைவர் பட்டத்துக்குப் பதிவு செய்யுங்கள்.