பெட்டியில் 1 மில்லி நொடி, திரையில் எவ்வளவு? கேமிங் மானிட்டர் கேள்வி பதில்

கேமிங் மானிட்டர் பற்றிக் கேளுங்கள் என்று சொன்னதும் கேள்விகள் வந்து குவிந்துவிட்டன. ஒரே மாதிரியானவற்றைச் சேர்த்து ஒன்றாக்கியிருக்கிறேன். என் மேசையில் இப்போது 27 அங்குலத்தில் இரண்டு மானிட்டர்கள். ஒன்று ஐபிஎஸ், மற்றது வளைந்த விஏ (இரண்டுமே எல்சிடி திரை வகைகள்). இரண்டுமே 1440பி (2560 x 1440 புள்ளிகள்), 165 ஹெர்ட்ஸ் (நொடிக்கு 165 முறை படம் மாறும்). பதில்களில் பாதிக்கு மேல் இவை இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்த்ததில் தெரிந்துகொண்டவைதான்.

கேள்வி: அண்ணா, 144, 165, 180, 240 என்று ஏறிக்கொண்டே போகிறது. எங்கே நிறுத்துவது?

ஹெர்ட்ஸை விட்டுவிட்டு மில்லி நொடியில் கணக்குப் போடுங்கள். 60 ஹெர்ட்ஸில் ஒரு படம் திரையில் 16.7 மில்லி நொடி நிற்கும். 144இல் 6.9, 240இல் 4.2, 360இல் 2.8. ஆக, 60இலிருந்து 144க்குப் போனால் கிட்டத்தட்ட 10 மில்லி நொடி குறைகிறது. 144இலிருந்து 240க்குப் போனால் 3கூட இல்லை. 144க்கும் 165க்கும் இடையே 1கூட இல்லை. அந்த 165க்காக மட்டும் கூடுதலாக ஆயிரம் ரூபாய் கேட்டால் கொடுக்காதீர்கள். வேலரன்ட், கவுன்டர் ஸ்ட்ரைக் மாதிரி வேகமான சுடும் ஆட்டங்களே கதி என்று இருப்பவர் 240 வாங்கலாம். ஆனால் உங்கள் கம்ப்யூட்டர் அந்த ஆட்டத்தில் 200 எஃப்பிஎஸ்ஸாவது (நொடிக்கு 200 படம்) தருகிறதா என்று முதலில் பாருங்கள். 90தான் வருகிறது என்றால் மானிட்டருக்குக் கொடுக்கும் பணத்தை கிராஃபிக்ஸ் கார்டுக்கு எடுத்து வையுங்கள்.

கேள்வி: 144 ஹெர்ட்ஸ் வாங்கி மாட்டி ஒரு வாரம் ஆகிறது. எனக்கு எந்த வித்தியாசமும் தெரியவில்லை. ஏமாந்துவிட்டேனா?

ஏமாறவில்லை. விண்டோஸ் இன்னும் 60இலேயே ஓடிக்கொண்டிருக்கும். செட்டிங்ஸில் டிஸ்ப்ளே, அதற்குள் அட்வான்ஸ்ட் டிஸ்ப்ளே, அங்கே ரெஃப்ரெஷ் ரேட்டை மாற்றுங்கள். மாற்றியதும் மவுஸை வட்டமாகச் சுழற்றினால் கையிலேயே தெரிந்துவிடும். என் சித்தப்பா மகன் எட்டு மாதம் இப்படியே ஓட்டிவிட்டு, "144 எல்லாம் சும்மா கதை" என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தான்.

பட்டியலில் 144 தெரியவே இல்லையா? கேபிளைப் பாருங்கள். மதர்போர்டில் செருகியிருந்தால் கழற்றி கிராஃபிக்ஸ் கார்டில் செருகுங்கள். பெட்டிக்குள் டிஸ்ப்ளேபோர்ட் கேபிள் இருந்தால் அதையே பயன்படுத்துங்கள். பழைய எச்டிஎம்ஐ 2.0 துளையில் 1440பி என்றால் பெரும்பாலும் 144தான் எல்லை. 165 என்று விற்ற மானிட்டராக இருந்தாலும் அந்தத் துளையில் 144தான் காட்டும்.

கேள்வி: பெட்டியில் 1 எம்எஸ் என்று கொட்டை எழுத்தில் போட்டிருக்கிறது. ஆனால் ஓடும்போது எல்லாவற்றுக்கும் பின்னால் ஒரு வால் தெரிகிறதே?

இதைத்தான் அதிகம் பேர் கேட்டிருக்கிறீர்கள், கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

அந்த 1 எம்எஸ் (மில்லி நொடி) இரண்டில் ஒன்றாக இருக்கும். ஜிடிஜி என்றால், ஒரு பிக்சல் (திரையின் ஒரு புள்ளி) ஒரு சாம்பல் நிறத்திலிருந்து இன்னொரு சாம்பலுக்கு மாறும் நேரம். எம்பிஆர்டி என்றால், நகரும் படம் கண்ணுக்கு எவ்வளவு நேரம் தெரிகிறது என்ற கணக்கு. எம்பிஆர்டியில் 1 வர வேண்டும் என்றால் பேக்லைட்டை (திரைக்குப் பின்னால் இருக்கும் விளக்கை) ஒவ்வொரு படத்துக்கும் ஒருமுறை அணைத்து மின்ன வைக்க வேண்டும். அப்படிச் செய்தால் வெளிச்சம் குறையும். பல மானிட்டர்களில் அடாப்டிவ் சிங்க்கும் (கார்டு தரும் எஃப்பிஎஸ்ஸுக்கு ஏற்பத் திரையின் ஹெர்ட்ஸ் மாறும் வசதி) கூடவே வேலை செய்யாது. ஜிடிஜியில் 1 வர வேண்டும் என்றால் ஓவர்டிரைவை உச்சத்துக்குத் தள்ள வேண்டும். எது எழுதியிருந்தாலும், யாரும் தினமும் ஓட்டாத ஒரு செட்டிங்கில் எடுத்த எண் அது.

ஓவர்டிரைவ் என்பது பிக்சலைச் சீக்கிரம் மாறச் சொல்லிக் கூடுதலாக ஓர் உதை கொடுப்பது. உதை குறைந்தால் வால், கூடினால் அந்த இடத்தையும் தாண்டிப் போய் வெளிறிய ஒளிவட்டம். டெஸ்ட்யூஎஃப்ஓ தளத்தைத் திறந்து, பறக்கும் தட்டைக் கண்ணால் தொடர்ந்தபடி, மானிட்டர் மெனுவில் ஓவர்டிரைவை ஒவ்வொரு படியாக மாற்றிப் பாருங்கள். என் ஐபிஎஸ்ஸில் கடைசிப் படிக்குப் போனால் தட்டுக்குப் பின்னால் இன்னொரு வெள்ளைத் தட்டு கிளம்பிவிடுகிறது. நடுப்படியில் சுத்தமாக இருக்கிறது. பெரும்பாலான மானிட்டர்களில் நடுப்படிதான் சரி. 165 எஃப்பிஎஸ்ஸில் நன்றாக இருக்கும் அதே படி, ஆட்டம் 70க்கு இறங்கும்போது ஒளிவட்டம் போடலாம். அதையும் ஒருமுறை சோதித்துவிடுங்கள்.

விஏ பேனல் என்றால் வேறு கதை. கறுப்பிலிருந்து அடர்சாம்பலுக்கு மாற அதற்கு ரொம்ப நேரம் பிடிக்கும். டார்க் மோடில் ஒரு பக்கத்தைத் திறந்து வேகமாக ஸ்க்ரோல் செய்தால் எழுத்துகளுக்குப் பின்னால் மை ஈஷியது போல இழுக்கும். என் விஏவிலும் இருக்கிறது. இரவுக் காட்சி நிறைந்த ஷூட்டரில் கண்ணை உறுத்தும். கார் ரேஸில் கவனித்ததே இல்லை.

இன்னொன்றும் இருக்கிறது. பிக்சல் நொடிப்பொழுதில் மாறினாலும் மங்கல் முழுதாகப் போகாது. அடுத்த படம் வரும்வரை திரை ஒரே படத்தை அப்படியே பிடித்து வைத்திருக்கிறது, நம் கண்ணோ நகர்ந்துகொண்டே இருக்கிறது. நொடிக்கு 1000 பிக்சல் நகரும் ஒரு பொருள் 60 ஹெர்ட்ஸில் சுமார் 17 பிக்சல் அகலத்துக்கு ஈஷும், 144இல் 7, 240இல் 4. ஹெர்ட்ஸ் கூடினால் கிடைக்கும் பெரிய லாபமே இதுதான்.

கேள்வி: என்னிடம் என்விடியா கார்டு. ஃப்ரீசிங்க் மானிட்டர் ஒத்துவருமா சார்?

ஒத்துவரும். ஃப்ரீசிங்க் ஏஎம்டியின் அடாப்டிவ் சிங்க், ஜி-சிங்க் என்விடியாவுடையது. 2019 ஜனவரியில் என்விடியாவே கதவைத் திறந்துவிட்டது. டிஸ்ப்ளேபோர்ட்டில் இணைத்து, கண்ட்ரோல் பேனலில் ஜி-சிங்க்கை ஆன் செய்தால் போதும். நீங்கள் பார்க்க வேண்டியது அது வேலை செய்யும் ஹெர்ட்ஸ் எல்லை. 48 முதல் 144 வரை என்று இருந்தால் நல்லது. எஃப்பிஎஸ் 48க்குக் கீழே போனாலும் ஒவ்வொரு படத்தையும் இரண்டு முறை காட்டிச் சமாளிக்கும். 48 முதல் 75 வரைதான் என்றால் அந்த வித்தை பலிக்காது. விஏவிலும் ஓலெடிலும் (பேக்லைட் இல்லாமல் ஒவ்வொரு பிக்சலும் தானே ஒளிரும் திரை) லோடிங் திரையில் வெளிச்சம் படபடப்பது உண்டு. அதற்காக மானிட்டர் பழுது என்று நினைத்துவிட வேண்டாம்.

கேள்வி: எச்டிஆர் 400 என்று இருக்கிறது. ஆன் செய்தால் எல்லாம் வெளுத்துப் போகிறது.

ஆஃப் செய்யுங்கள். எச்டிஆர் என்பது வெளிச்சத்தையும் இருட்டையும் கூடுதல் வித்தியாசத்தோடு காட்டும் முறை. டிஸ்ப்ளேஎச்டிஆர் 400 முத்திரைக்கு உச்ச வெளிச்சம் 400 நிட்ஸ் (வெளிச்ச அளவு) வர வேண்டும், ஆனால் பேக்லைட்டைப் பகுதி பகுதியாக மங்கச் செய்யும் வசதி வேண்டியதில்லை. ஐபிஎஸ் பேனலின் கான்ட்ராஸ்ட் (வெள்ளைக்கும் கறுப்புக்கும் உள்ள வெளிச்ச விகிதம்) சுமார் 1000:1. அதை வைத்து எச்டிஆர் காட்டுவது டியூப்லைட்டில் தீபாவளி கொண்டாடுவது மாதிரி. உண்மையான எச்டிஆர் வேண்டும் என்றால் ஓலெட், இல்லாவிட்டால் பேக்லைட்டில் தனித்தனியாக மங்கும் நூற்றுக்கணக்கான மண்டலங்கள் உள்ள மினி எல்இடி.

கேள்வி: நிறமெல்லாம் அடித்துப் பூசினது மாதிரி இருக்கிறது. ஆட்களின் முகம் தக்காளியாகத் தெரிகிறது.

அகன்ற நிற வரம்புள்ள பேனல். சாதாரணப் படங்களையும் இழுத்து நீட்டிக் காட்டுகிறது. மெனுவில் எஸ்ஆர்ஜிபி மோட் (சாதாரண நிற வரம்பு) இருக்கும், போடுங்கள். சில மானிட்டர்களில் அதைப் போட்டதும் வெளிச்சத்தை மாற்ற முடியாமல் பூட்டிவிடுவார்கள். ஏன் என்று எனக்கு இன்றுவரை எரிச்சல். ஆட்டத்துக்கு மட்டும் என்றால் தக்காளி முகத்தோடு ஆடுவதில் தப்பில்லை. போட்டோ எடிட் செய்பவர் எஸ்ஆர்ஜிபியில் செய்யுங்கள்.

கேள்வி: கறுப்புத் திரையில் மூலையில் மஞ்சளாக வெளிச்சம் கசிகிறது. மாற்றித் தரச் சொல்லலாமா?

இருட்டு அறையில் தலையை இடது வலது அசைத்துப் பாருங்கள். வெளிச்சம் கூடவே நகர்ந்தால் அது ஐபிஎஸ்ஸின் இயல்பு, மாற்றி வாங்கினாலும் இருக்கும். நகராமல் அதே இடத்தில் நின்றால் பேக்லைட் கசிவு, தாராளமாகக் கேளுங்கள். போனில் போட்டோ எடுத்து முடிவு செய்யாதீர்கள், கேமரா அதைப் பத்து மடங்காக்கிக் காட்டும். டெட் பிக்சலுக்கு வெள்ளை, கறுப்பு, சிவப்பு, பச்சை, நீலம் என்று திரை முழுக்க ஒவ்வொரு நிறமாகப் போட்டுப் பாருங்கள். இதையெல்லாம் திருப்பி அனுப்பும் அவகாசம் முடிவதற்குள் செய்ய வேண்டும். நான் ஒருமுறை பெட்டியைப் பிரித்துப் பதினைந்தாம் நாள்தான் ஒரு பச்சைப் புள்ளியைப் பார்த்தேன். ஒரு பிக்சலுக்கெல்லாம் மாற்ற மாட்டோம் என்று சர்வீஸில் சொல்லிவிட்டார்கள். அந்தப் புள்ளி இன்னும் என்னைப் பார்த்துக்கொண்டிருக்கிறது.

கேள்வி: பிஎஸ்5 கேம் கன்சோலுக்கு எது வாங்கலாம்?

120 ஹெர்ட்ஸுக்கு மேல் வாங்கிப் பிரயோசனம் இல்லை. அதில் 1440பி 2022 செப்டம்பர் முதல் கிடைக்கிறது. விஆர்ஆர் (அடாப்டிவ் சிங்க் மாதிரியான அதே வசதி) வேண்டும் என்றால் எச்டிஎம்ஐ 2.1 தேவை. பெட்டியில் 2.1 என்று இருந்தால் மட்டும் நம்பிவிடாதீர்கள். அதன் வசதிகளில் பல விருப்பத்துக்கு உட்பட்டவை. விஆர்ஆர் உண்டு என்று தனியாக எழுதியிருக்கிறதா பாருங்கள்.

கேள்வி: பகலில் கோடிங், இரவில் கேம். ஓலெட் வாங்கட்டுமா அக்கவுண்டைக் காலி செய்து?

ஓலெடின் கறுப்பையும் வேகத்தையும் வேறு எதுவும் தொடாது. ஆனால் எட்டு மணி நேரம் ஒரே டாஸ்க்பார், ஒரே எடிட்டர் என்றால் அசையாத படம் திரையில் நிரந்தரத் தழும்பாக விழும் பயம் இருக்கத்தான் செய்கிறது. எழுத்துகளின் ஓரத்தில் லேசான நிறக்கரையும் தெரியலாம். பிக்சலுக்குள் நிறங்கள் அடுக்கியிருக்கும் விதம் அப்படி. உங்களுக்கு ஐபிஎஸ்தான் என் சிபாரிசு.

கேள்வி: என்னிடம் இருப்பது ஆர்டிஎக்ஸ் 3060 கார்டு. 27 அங்குலத்தில் 1080பி 240 ஹெர்ட்ஸா, 1440பி 165 ஹெர்ட்ஸா?

1440பி. 27 அங்குலத்தில் 1080பி என்றால் அங்குலத்துக்கு 82 பிக்சல்தான், உட்காரும் தூரத்திலிருந்தே பிசிறு தெரியும். 1440பியில் 109. பிக்சல் எண்ணிக்கை 1.78 மடங்கு கூடுவதால் கார்டு திணறும். கனமான ஆட்டங்களில் டிஎல்எஸ்எஸ்ஸைப் (குறைந்த பிக்சலில் வரைந்து பெரிதாக்கிக் காட்டும் என்விடியா வசதி) போட்டுக்கொள்ளுங்கள். 1080பிதான் பட்ஜெட் என்றால் 24 அங்குலத்தோடு நிறுத்திவிடுங்கள்.

கேள்வி: பழைய 60 ஹெர்ட்ஸ் மானிட்டரை விற்றுவிடலாமா?

என்ன விலை கிடைக்கப்போகிறது? பக்கத்தில் நிமிர்த்தி வைத்து சாட், பாட்டு எல்லாவற்றையும் அதில் தள்ளுங்கள். இரண்டு கேபிளையும் கிராஃபிக்ஸ் கார்டிலேயே செருகுங்கள். ஆட்டத்தைத் தொடங்கும் முன் மெயின் டிஸ்ப்ளே எது என்று விண்டோஸில் ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால் ஆட்டம் அந்தப் பழசில் போய்த் திறந்துகொள்ளும்.